உறுப்பினர் எண் நாற்பத்தொன்று

புதுவயலில் நெல் அவியும் வாடைக்கு
ஞாயிற்றுக்கிழமை கிடையாது.
அந்த வாடைக்குள் உட்கார்ந்துதான் கணக்கு எழுதினேன்.
களத்தில் நெல் கிண்டியவர்களில்
ஏழாவது வரை படித்தவள் நான் ஒருத்தி,
ஆகவே பொருளாளர்.
மாதச் சந்தா ஐம்பது பைசா.
மஞ்சள் ரசீது. விரலில் கார்பன் நீலம்.

சாத்தையா, எண் நாற்பத்தொன்று,
வீர.சுப. மில்லில் மூட்டை தூக்கியவர்.
ஹல்லர் ஓடினால்
பக்கத்து ஆளிடமே கைஜாடையில்தான் பேச்சு.
அவர் கேட்டில் நின்று "நிறுத்து" என்றால்
பாய்லர்க்காரன் திரும்பிப் பார்ப்பான்.
மைக் வாடகைக்குக் காசில்லை,
அவரைச் செயலாளர் ஆக்கினோம்.
வேறு தகுதி எதையும் அன்று பார்க்கவில்லை.

எண்பத்தேழில் நாற்பத்தாறு நாள் வேலைநிறுத்தம்.
மூட்டைக்கு ஏழு பைசா கூடக் கேட்டோம்.
முப்பதாம் நாள் என் தோடு
காரைக்குடி அடகுக்கடைக்குப் போனது.
அந்தச் சீட்டையும் சங்கக் கோப்பில்தான் வைத்திருக்கிறேன்.

பேச்சுவார்த்தை கோட்டையூரில், முதலாளி வீட்டில்.
பின்வாசல் வழியாக இரண்டாங்கட்டு,
எங்கள் ஐந்து பேருக்கும் நிற்கத்தான் இடம்.
நாலு பைசாவில் கையெழுத்தானது.
திரும்பி வரும்போது சைக்கிளை உருட்டிக்கொண்டே சொன்னார்:
"மூணு பைசாவ அங்கேயே விட்டுட்டு வந்திருக்கேன் தாயி.
ஒருநாள் போய் எடுக்கணும்."

ஒன்பது வருடம் கழித்துக் கட்சி இடம் கொடுத்தது.
போஸ்டர் ஒட்டிய பசை எங்கள் மில் நொய்யில் காய்ச்சியது.
இரண்டாயிரத்துச் சொச்சம் ஓட்டில் ஜெயித்தார்.
அன்றிரவு மாரிக்கண்ணு
உமி மேட்டில் ஏறி நின்று ஆடினாள்,
கணுக்கால் வரை புதைந்துபோய்.

சட்டசபைப் பேச்சு அச்சாகித் தபாலில் வந்தது.
மூட்டைக்கூலி பற்றிப் பதினொரு வரி.
நடுவில் "குறுக்கீடு", "குறுக்கீடு", "சிரிப்பு".
கடைசியில் மணி அடித்திருக்கிறார்கள்.
யார் சிரித்தது என்று அச்சில் இல்லை.

முதல் வருடச் சந்தா ஆறு ரூபாய் மணியார்டரில் வந்தது.
அடுத்த வருடத்தது உதவியாளர் கையில்.
அதற்கடுத்த கட்டங்கள் வெறுமை.

பிறகு வேறு கொடி, வேறு சின்னம், வாரியத் தலைவர் பதவி.
மெதுவாகப் பேசப் பழகிக்கொண்டார்.
மெதுவாகப் பேசுகிறவர் வாயருகே
நாலு பேர் குனிந்துதான் ஆகவேண்டும்.

வீர.சுப. மில் மூடிய மாதம்
கோட்டையூர் வீட்டில் பேத்தி கல்யாணம்.
நான் பந்தியில் எச்சில் இலை எடுத்தேன்.
அவர் முகப்பில், நாற்காலியில், முதலாளிக்குப் பக்கத்தில்.
மூணு பைசாவை எடுக்கத்தான் வந்திருக்கிறார்
என்று நினைத்துக்கொண்டேன்.
பார்த்துவிட்டார். "நல்லாயிருக்கியா தாயி?"
"சந்தா பாக்கிண்ணே. அறுபது ரூவா."
சுற்றி இருந்தவர்கள் சிரித்தார்கள்.
(இந்தச் சிரிப்பு யாருடையது என்று எனக்குத் தெரியும்.)
சட்டைப்பைக்குள் விரல்விட்டுப் பார்த்தார்.
காசு வைத்துக்கொள்ளும் பழக்கமே
விட்டுப்போயிருந்தது.
உதவியாளர் ஐந்நூறு ரூபாய்த் தாளை நீட்டினார்.
சில்லறை இல்லை என்றேன்.
உண்மையிலேயே இல்லை.

பொய் எழுதினால் கணக்கு இடிக்கும், இதையும் எழுதுகிறேன்:
நலவாரிய அட்டை அவர் ஓடியாடி வாங்கிக் கொடுத்தது.
அதில் வரும் ஓய்வூதியத்தில்தான்
எனக்குச் சர்க்கரை மாத்திரை.
மாரிக்கண்ணு கால் வெந்து கிடந்தபோது
மதுரை ஆஸ்பத்திரிக்கு ராத்திரி இரண்டு மணிக்குப் போன் போட்டவரும்
அவர்தான். போட்டோக்காரன் இல்லாமல்.

போன தேர்தலில் டெபாசிட் போய்விட்டது.
சங்க ஆபீஸ் வாசலில் ஒருநாள் கார் நின்றதாம்,
யாரும் இறங்கவில்லையாம்.
டீக்கடைப் பையன் சொன்னது.
நான் அப்போது மாத்திரை வாங்கப் போயிருந்தேன்.

ரசீதுப் புத்தகத்தில் இன்னும் பதினேழு தாள் இருக்கிறது.
நாற்பத்தொன்றை நான் அடிக்கவில்லை.
அடிப்பதென்றால் பொதுக்குழு கூட வேண்டும்.
கூட ஆள் வேண்டும்.